வாலில் இருந்தது யார்?

மதிப்பிற்குரிய கேப்டன் அண்ணாவுக்கு,

உங்கள் தங்கை எழுதிக்கொள்வது. இங்கே எல்லாரும் நலம் என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன்; பாதி நலம் என்று வைத்துக்கொள்ளுங்கள். உங்கள் காலில் போட்ட கட்டை அவிழ்த்துவிட்டார்களாமே. தடி ஊன்றி நடக்கிறீர்களா, வீம்புக்குத் தடியில்லாமல் நடந்து பார்க்கிறீர்களா? இரண்டாவதாகத்தான் இருக்கும்.

என் வீட்டுக்காரர் பணிமனையில் பழைய கடைசல் இயந்திரத்துக்கே திரும்பிவிட்டார். உங்கள் போர் விமானத்தில் பறக்கும்போது நீங்கள் யாரையும் பெயர் சொல்லிக் கூப்பிட மாட்டீர்களாமே, உட்கார்ந்திருக்கும் இடத்தைச் சொல்லித்தான் கூப்பிடுவீர்களாமே, அந்தப் பழக்கம் எங்கள் வீட்டுக்கும் வந்துவிட்டது. நான் அடுப்படி, மகள் வாசல். "அடுப்படி, வாசலைச் சாப்பிடக் கூப்பிடு" என்பார். மகள் சிரித்துச் சிரித்துப் புரையேறிப்போவாள். ஆனால் அவள் பதிலுக்கு, விமானத்தின் வாலில் உட்கார்ந்த இவரை "வால்" என்று கூப்பிட்டால் மட்டும் முகம் செத்துப்போகும். அங்கேதான் எனக்குச் சந்தேகம் முளைத்தது.

செய்தித்தாளில் வந்ததை நான் மனப்பாடமாகச் சொல்வேன். அத்தனையும் நீங்கள் எழுதிக் கொடுத்ததுதான். குண்டுவீசித் திரும்பும்போது அடிபட்டு விமானத்தின் நடுவில் தீப்பிடித்தது. "வால் பேசுறேன், தீயை நான் பாத்துக்கறேன்" என்று ஹெட்போனில் ஒரு குரல் வந்தது. வால் பக்கத் துப்பாக்கிக்காரர் தவழ்ந்து வந்து, வெறுங்கையால் தீயை அடித்து அணைத்து, நடுத் துப்பாக்கியருகே மயங்கிக் கிடந்த நண்பரை இழுத்துப் போட்டார். அந்த நண்பர், அதாவது நீங்கள் எல்லாரும் சுண்டெலி என்று கூப்பிட்ட அந்தப் பையன், தீக்காயத்தால் ஆஸ்பத்திரியில் இறந்துபோனான். வாலில் உட்காருகிற என் வீட்டுக்காரருக்குப் பதக்கம்.

வெறுங்கை என்று போட்டிருக்கிறதே அண்ணா, அந்தக் கைக்கு நான்தான் எண்ணெய் தேய்த்துவிடுகிறேன். ஒரு தழும்பு கிடையாது. அடுப்படியில் நின்று நான் வாங்கிய சூடுகூட அவர் கையில் இல்லை. கேட்டால், "உறை போட்டிருந்தேன்" என்றார். இன்னொரு நாள் கேட்டதற்கு, "சீக்கிரமே ஆறிடுச்சு" என்றார். இரண்டில் எது என்று மடக்கினேன், எழுந்து போய்விட்டார்.

அப்புறம் இந்த ஞாயிற்றுக்கிழமைகள். சவரம் செய்து, நல்ல சட்டை போட்டு, எங்கே என்று சொல்லாமல் கிளம்பினால் எந்தப் பெண்டாட்டிதான் சும்மா இருப்பாள்? போன வாரம் குடையைத் தாழ்த்திப் பிடித்துக்கொண்டு பின்னாலேயே போனேன். எவளாக இருந்தாலும் இன்றைக்கு ஒரு கை பார்த்துவிடுவது என்று போனேன். கதவைத் திறந்தது தலை நரைத்த ஒரு அம்மா. சுண்டெலியின் அம்மா.

இவர் உள்ளே போய், ஒழுகும் குழாயைச் சரிசெய்துவிட்டுத் திரும்பும் வரை எதிர்க் கடையில் நின்றேன். பிறகு போய்க் கதவைத் தட்டி, யார் என்று சொன்னேன். என்னை உட்காரவைத்து அந்த அம்மா கேட்டார்: "உன் வீட்டுக்காரர் தங்கமானவர்மா. ஆனா வாரா வாரம் வந்து, 'அன்னைக்கு என் முழங்கால் வீங்காம இருந்திருந்தா உங்க பிள்ளை என் இடத்துல போய் உட்கார்ந்திருக்க மாட்டான்'னு சொல்லி அழறாரு. எனக்கு ஒண்ணும் புரியல. நீயாவது சொல்லேன்."

எனக்குப் புரிந்துவிட்டது. "அப்புறம் வந்து சொல்றேன்மா" என்று எழுந்து வந்துவிட்டேன். காலை மடக்க முடியாதவர் அந்தக் குறுகலான வால் கூண்டுக்குள் எப்படி உட்கார்வார்? இருவரும் இடம் மாறியிருக்கிறார்கள். அன்று வாலில் இருந்தது சுண்டெலி. நடுவில் மயங்கிக் கிடந்தது என் வீட்டுக்காரர். அந்தப் பையன் கையை வேகவைத்துக்கொண்டு காப்பாற்றியது இவரை.

இப்போது என் சந்தேகம் உங்கள் பக்கம் திரும்பியிருக்கிறது, கோபித்துக்கொள்ளாதீர்கள். பறக்கும்போது இருட்டிலும் இரைச்சலிலும் ஆள் தெரியாமல் போயிருக்கலாம். தரையில் மோதி இறங்கிய பிறகு? வெந்த கை யாருடையது என்று பார்க்காமலா எழுதிக் கொடுத்தீர்கள்? நீங்களும் கால் உடைந்து நினைவில்லாமல் கிடந்தீர்கள் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிப் பார்க்கிறேன். உடனேயே, மேடைக்கு மேடை ஏற்ற உயிரோடு ஓர் ஆள் தேவைப்பட்டதோ என்று மனம் கேட்கிறது.

வருகிற மாதம் பணிமனையில் இவர் படத்தைத் திறந்துவைக்கிறார்கள். தன் மகனைக் காப்பாற்றப் பார்த்தவர் என்று அந்த அம்மா மேடையேறி, இவருக்குப் பூங்கொத்து கொடுத்து நன்றி சொல்ல வேண்டுமாம். சேதி தெரிந்ததிலிருந்து இவருக்குச் சோறு இறங்கவில்லை. அந்தக் கையால் அந்தப் பூவை வாங்கிவிட்டால் அப்புறம் இவர் மனுஷனாக நடமாட மாட்டார் அண்ணா. எனக்குப் பயமாக இருக்கிறது.

அதற்கு முன்னால் ஒரு ஞாயிற்றுக்கிழமை வாருங்கள். எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டு, சேர்ந்தே அந்த அம்மா வீட்டுக்குப் போவோம். தன் பிள்ளை என்ன செய்தான் என்று தெரியாமலே ஒரு தாய் நன்றி சொல்லக் கூடாது. கேப்டன் வாயால் வந்தால்தான் ஊரும் நம்பும்.

இன்னொன்று. ஆஸ்பத்திரியில் கண் விழித்ததும் இவர் உங்களிடம் உண்மையைச் சொன்னாரா, நீங்கள்தான் வாயை அடைத்தீர்களா? இல்லை, இவராகவே வாயை மூடிக்கொண்டாரா? சொன்னார் என்றால், வாசலில் கால் வைத்ததுமே என்னிடம் சொல்லிவிடுங்கள். இவர் சொல்லவில்லை என்றால், எதுவும் சொல்ல வேண்டாம் அண்ணா. உட்கார்ந்து, என் கையால் ஒரு வாய் சாப்பிட்டுவிட்டு வாருங்கள், கிளம்புவோம்.

எங்கள் வீட்டுப் படி செங்குத்து. அவசியம் தடியோடு வாருங்கள்.

இப்படிக்கு,
உங்கள் தங்கை
அடுப்படி