அரியணையில் ஒரு காலைப்பொழுது அமர்ந்த ஆங்கிலப் பிரபு

குவளை நாட்டின் ஏரிகள் நிறைக. எல்லைகள் அமைதி கொள்க. மலைக்கோட்டைச் சிறையின் தலைவர், வீரத்திருவாளர் வில்லவராயருக்குத் தலைமை அமைச்சன் இளநாகன் விடுக்கும் ஓலை. தங்கள் குடியும் கொத்தளமும் நலமுடன் விளங்குக. யாமும் நலமென்று எழுதுவது மரபு. முழங்கால் வலியையும் ஓயாத வழக்குகளையும் ஒதுக்கிவிட்டுப் பார்த்தால் நலமே.

நம் அரண்மனையில் பேசும்படம் பிடிக்க வந்த குழுவில் அரசவேடக்காரர் காய்ச்சலில் படுத்துவிடவே, வேட்டைக்கு வந்து வேட்டையும் சலித்துப்போயிருந்த பெம்பர்டன் பிரபு தாமே நடிப்பதாக முன்வந்ததைத் தாங்கள் அறிவீர்கள். குளிர்மலை மாளிகையில் ஓய்வுகொள்ளும் மாமன்னர், கேட்டதுமே அரியணையையும் செங்கோலையும் இரவல் தந்தருளினார். எவ்வளவு ஒப்பனை இட்டும் நடிகர் யாருக்கும் கைதியின் மெலிவு வரவில்லை என்றதும், தங்கள் சிறையிலிருந்தே ஒருவனை அழைத்துக்கொள்ளவும் இசைந்தருளினார்.

அவ்வாறு வந்தவனே மடைக்காவலன் சாத்தையா. பயிர் கருகிய கோடையில் அரச ஏரியின் மடையை ஆணையின்றித் திறந்தவன். ஆணை வேண்டி அவன் விடுத்த விண்ணப்பங்கள் எம்மிடம் தூசி படிந்து கிடக்கின்றன. தீர்ப்புச் சொல்ல மாமன்னர் மலையிறங்கி வராமையால், அவனும் ஆண்டுக்கணக்கில் விலங்கோடு கிடக்கிறான்.

கதைப்படி அரசன் நீண்டதொரு வசனம் பேசி, கைதியின் தலையை வாங்கச் சொல்ல வேண்டும். பிரபுவோ முதல் வரியிலேயே மறந்துபோனார். வியர்த்து வழிந்தவர், வேட்டை முடிந்ததும், விலங்குகளைக் கலைக்க முரசறைவோரை வீட்டுக்கு அனுப்பத் தாம் கற்றிருந்த ஒரே தமிழை எடுத்துவிட்டார்: விடுங்கள், வீட்டுக்குப் போகட்டும் என்றார். படக்காரர் தலையில் அடித்துக்கொண்டார். பிரபு முகம் சிவந்து எழுந்தார். அத்துடன் அவருடைய நடிப்பு முடிந்தது, மறுவாரமே கப்பலேறிவிட்டார்.

படம் பிடித்த அன்று, சாத்தையாவை மீண்டும் தங்கள் சிறைக்கு அனுப்பிய மாலையே, அவன் மனைவி இருளாயி எம் வாயிலில் வந்து நின்றாள். அரியணையில் அமர்ந்து செங்கோல் ஏந்திச் சொன்ன சொல், சொன்னவர் யாராயினும் ஆணையே என்பது, குழந்தை மன்னர்களுக்காகப் பிறர் ஆண்ட நாளில் முன்னோர் வகுத்த விதியன்றோ என்று கேட்டாள். விதி அதுவே. பிரபுவின் நெஞ்சில் இரக்கம் இருந்ததாக யாம் எண்ணவில்லை, மறதிதான் இருந்தது. ஆயினும் விதி நெஞ்சை விசாரிப்பதில்லை.

நடிப்பு வேறு, ஆட்சி வேறு என்று அவையோர் வாதிட்டனர். வேறுபாட்டைக் காட்டுமாறு யாம் கேட்டபோது, காலியாயிருந்த அரியணையைத் திரும்பிப் பார்த்தார்கள். எமக்குச் சலித்துவிட்டது, வில்லவராயரே. இத்தனை ஆண்டுகளில் அவ்விருக்கையிலிருந்து பிறந்த ஆணை இது ஒன்றே. இதையும் தள்ளிவிட எமக்கு மனம் வரவில்லை.

ஆகவே, இவ்வோலை கண்டவுடன் விலங்கைக் கழற்றி, வயிறார உணவளித்து, சாத்தையாவைச் சிறைவாயிலில் காத்திருக்கும் அவன் மனைவியுடன் அனுப்புக. மாமன்னர் சினந்தால் பழி எம்முடையது. இவ்வாணையை மாற்ற வேண்டுமாயின் அவர் மலையிறங்கி வந்து, அரியணையில் அமர்ந்தே மாற்ற வேண்டும். அதன்பொருட்டாவது வரட்டும், அமர்ந்ததும் முதலில் எம் தலையையே கேட்டாலும் மகிழ்வோம்.

இது எம் முத்திரை. இது கட்டளை.