ஆடியில் நடந்த கல்யாணம்

உறுவையாறு
ஐப்பசி 18

அன்பு மகள் ஜெயசுதாவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் உன் அம்மாவும் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்கிறோம், நீ அந்தக் குளிரில் எப்படி இருக்கிறாய் என்பதை உன் அம்மாவோடு நீ போனில் பேசும்போது அடுத்த அறையில் நின்று கேட்டுக்கொள்கிறேன். ஸ்பீக்கரில் போடச் சொல்லி அவளிடம் கெஞ்சி வைத்திருக்கிறேன், அது உனக்குத் தெரியாது, இப்போது தெரிந்துவிட்டது, அவளைத் திட்டாதே. நான் பேசினால் நீ போனை வைத்துவிடுகிறாய், அதில் உன்மேல் தப்பில்லை. கடிதம் என்றால் வைக்க முடியாது, கிழிக்கத்தான் முடியும், கிழிப்பதாக இருந்தாலும் கடைசி வரி வரை படித்துவிட்டுக் கிழி. பாகூர் ரோஸ்லின் லீவு முடிந்து ஞாயிற்றுக்கிழமை அங்கே திரும்புகிறாளாம், அவள் கையில்தான் இதைக் கொடுத்தனுப்புகிறேன், கூடவே அம்மா இடித்த இட்லிப் பொடியும் வடுமாங்காயும் இருக்கிறது. சம்பா நட்டு இருபது நாள் ஆகிறது, மழை கொஞ்சம் கூடத்தான், கீழ வயலில் தண்ணீர் வடியவில்லை. செவலைப் பசு கிடாரி போட்டிருக்கிறது. அம்மாவுக்கு மூட்டு வலி முன்பு போலத்தான், நீ அனுப்பின தைலத்தைத் தடவாமல் பத்திரப்படுத்தி வைத்திருக்கிறாள். இதெல்லாம் அவளே உனக்குச் சொல்லியிருப்பாள். அவள் சொல்லாத ஒன்றை எழுதத்தான் உட்கார்ந்தேன், போன வாரம் வரைக்கும் அது அவளுக்கே தெரியாது.

புகழ்வேந்தன் இறந்த அன்று நான் உன்னிடம் ஒரு பொய் சொன்னேன், அவன் அம்மா அமுதத்திடம் இன்னொரு பொய் சொன்னேன். அதை எழுதுவதற்கு முன்னால் போன வருஷ ஆடி மாதத்திலிருந்து வர வேண்டியிருக்கிறது, என் தப்பு அங்கேதான் ஆரம்பித்தது. உனக்கு அயர்லாந்தில் நர்ஸ் வேலை உறுதியானதும், புகழையும் பின்னால் அழைத்துக்கொள்ள கல்யாண சர்டிபிகேட் வேண்டும் என்றாய். தையில் முகூர்த்தம் குறித்திருந்தோம், அதுவரை இருந்தால் விசா தள்ளிப்போகும் என்று முதலில் ரிஜிஸ்டர் பண்ணிவிடலாம் என்று முடிவானது. வெளிநாடு போகிற பிள்ளைகள் இருக்கிற வீடுகளில் இப்போது இதுதானே வழக்கம், பேப்பர் ஒரு நாள், தாலி ஒரு நாள். நோட்டீஸ் ஒட்டி முப்பது நாள் கழிந்து கிடைத்த தேதி ஆடியில் விழுந்தது. உன் அம்மா ஆடியில் வேண்டாமே என்று முனகினாள். நான்தான், இது இன்னா கல்யாணமா, கரண்ட்டுக்கு எழுதிக் குடுக்கற மாதிரி ஒரு பேப்பரு, பேப்பருக்கு ஆடி ஏது ஆவணி ஏதுன்னு சத்தம் போட்டேன். போர் போட இடம் பார்க்கவே நாள் கிழமை பார்க்கிறவன் நான், அன்றைக்கு ராகுகாலம்கூடப் பார்க்கவில்லை.

அந்த ஆபீசில் நடந்தது எல்லாம் எனக்கு இப்போதுதான் ஞாபகம் வருகிறது, நடக்கும்போது நான் கவனிக்கவே இல்லை, எரிந்துபோன பம்ப்செட் மோட்டாரைக் காயில் கட்டக் கடையில் கொடுத்திருந்தேன், மனசு முழுக்க அந்தக் கடையில் இருந்தது. நீ பச்சைச் சுடிதார் போட்டிருந்தாய், அவன் போட்டிருந்த சட்டையில் கடை மடிப்புகூடக் கலையவில்லை. அதிகாரி உங்கள் இரண்டு பேரையும் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்துச் சொல்லச் சொன்னார். அவன் முதலில் சொன்னான், நாக்குக் குழறி மறுபடி சொன்னான், நீ சிரித்துவிட்டாய். அப்புறம் நீ சொன்னாய், உன்னை என் சட்டப்படியான கணவனாக ஏற்றுக்கொள்கிறேன் என்று, திக்காமல், தலை குனியாமல். நான் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். முதல் சாட்சி நான், இரண்டாவது அமுதம், மூன்றாவது அவன் கூட்டாளி தமிழ்க்குமரன். கையெழுத்துப் போட்டு முடித்ததும் அமுதம் டிபன் டப்பாவில் கொண்டுவந்த கேசரியை எடுத்து எல்லோருக்கும் கொடுத்து, உனக்கு ஊட்டிவிடும்போது அழுதுவிட்டாள். நான் என்ன சொன்னேன் தெரியுமா, கண்ணீரெல்லாம் இப்பவே செலவு பண்ணாத தங்கச்சி, தைக்கு மிச்சம் வைன்னு கிண்டல் பண்ணினேன். எல்லோரும் சிரித்தீர்கள். அந்தச் சிரிப்பு இன்னும் என் காதில் இருக்கிறது சுதா, தாங்க முடியவில்லை.

நீ புரட்டாசியில் கிளம்பினாய். கார்த்திகையில் அந்த மழையில் வேலை முடிந்து வரும்போது அவன் வண்டி சறுக்கி விழுந்தான், ஆஸ்பத்திரியில் சேர்த்தும் பிழைக்கவில்லை. நீ போன் பண்ணி, அப்பா நான் கெளம்பிட்டேன், நாளன்னிக்குக் காலையில மெட்ராஸ்ல எறங்கிடுவேன், அதுவர வெச்சிருக்கச் சொல்லுப்பான்னு கதறினாய். நான் உனக்கு என்ன பதில் சொன்னேன் என்று உனக்குத் தெரியும், எடுத்துட்டாங்கம்மா, போஸ்ட்மார்ட்டம் பண்ண ஒடம்பு, வெச்சிருக்கக் கூடாதுன்னுட்டாங்க, இனிமே நீ வந்து இன்னா பண்ணப் போற, டிக்கெட்ட கேன்சல் பண்ணுன்னு. அது பொய். அப்போது அவன் பிணவறையில்தான் இருந்தான், நான் அந்த வாசலில் நின்றுகொண்டுதான் உன்னிடம் பேசினேன். போனை வைத்துவிட்டு நேராக அமுதத்திடம் போய், அவளுக்கு லீவு தரலியாம் தங்கச்சி, வரமாட்டா, நீங்க எடுத்துடுங்க, இப்ப அவளுக்குப் போன் பண்ணாதீங்க, மயங்கி விழுந்து ஊசி போட்டிருக்காங்கன்னு சொன்னேன். அந்த வீட்டார் உனக்காகக் காத்திருக்கவில்லையே என்ற கோபத்தில் நீ அவர்கள் நம்பரையே போனிலிருந்து அழித்துவிட்டாய் என்று அம்மா சொன்னாள். அந்தக் கோபம் முழுக்க எனக்குச் சேர வேண்டியது.

ஏன் செய்தாய் என்று கேட்பாய். நீ வந்தால் பெண்டாட்டி என்று உன்னை அவன் தலைமாட்டில் உட்காரவைப்பார்கள், ஊர் முழுக்கப் பார்க்கும், இருபத்தாறு வயதில் உன் நெற்றியில் எழுதி ஒட்டிய மாதிரி ஆகிவிடும் என்று பயந்தேன். தாலி ஏறவில்லை, அதனால் கல்யாணமே ஆகவில்லை, கொஞ்ச நாள் போனால் வேறு இடம் பார்க்கலாம் என்று என் புத்தி அவ்வளவு தூரம் போயிற்று, அவன் உடம்பு இன்னும் உள்ளே இருக்கும்போதே போயிற்று. கண்ணீர் அஞ்சலி பேனரில் உன் பெயர் வரக் கூடாது என்று தமிழ்க்குமரனிடம் கண்டித்துச் சொன்னேன். நல்ல சட்டையில் அவனுக்கு வேறு படம் இல்லை, ரிஜிஸ்டருக்காக ஸ்டூடியோவில் நீங்கள் இரண்டு பேரும் சேர்ந்து எடுத்த படத்தில்தான் உன்னை வெட்டிவிட்டு அவனை மட்டும் போட்டார்கள். சரியாக வெட்டவில்லை, அவன் தோளுக்குப் பக்கத்தில் உன் பச்சை துப்பட்டா நான்கு விரல் அகலத்துக்கு அப்படியே நின்றுவிட்டது. அவர்கள் ஊர் கரிக்கலாம்பாக்கம் முனையில் அந்த பேனர் ஒரு மாதம் இருந்தது, நான் அந்தப் பக்கமே போகாமல் சுற்றிக்கொண்டு போனேன்.

இந்த ஆவணியில் உனக்கு ஒரு வரன் வந்தது என்று போன் பண்ணினேனே, நீ ஒரே கேள்விதான் கேட்டாய், வரன் ஃபார்ம்ல என்னப் பத்தி இன்னான்னு எழுதுவீங்கன்னு. கல்யாணம் ஆகாதவள்னுதான் எழுதுவேன், வேற இன்னா எழுதறது என்றேன், வைத்துவிட்டாய், அதோடு என்னிடம் பேச்சே இல்லை. எனக்கு வீம்பு. அந்தப் பதிவையே ரத்து பண்ணிவிட்டால் போயிற்று என்று மறுநாளே அந்த ஆபீசுக்குப் போனேன். அங்கே சீட்டில் இருந்த அதிகாரி அம்மா பொறுமையாகக் கேட்டுவிட்டு, ரெண்டு பேரும் சொல்லிக் கையெழுத்து போட்டாங்க இல்ல, அன்னிக்கே கல்யாணம் ஆயிடுச்சு ஐயா, அவரு எறந்துட்டா உங்க பொண்ணு விதவை, ரத்து பண்ண இதுல ஒண்ணும் இல்லன்னாங்க. நான் விடாமல், அது வெறும் பேப்பர்தாம்மா என்றேன். அந்த அம்மா பெரிய ரிஜிஸ்டரை எடுத்துப் பிரித்து என் பக்கம் திருப்பி, இது யாரு கையெழுத்துன்னு கேட்டாங்க. என் கையெழுத்து, முதல் வரிசையில், தங்கவேல் என்று கொட்டை கொட்டையாக.

அப்பவும் நான் திருந்தவில்லை. போன வாரம் வி.ஏ.ஓ. கூப்பிட்டு, புகழ்வேந்தனுக்கு வாரிசு சான்றிதழ் கேட்டு அமுதம் மனு கொடுத்திருப்பதாகவும் அதில் உன் பெயர் இருப்பதாகவும் சொன்னார். அவர்கள் இருக்கிற மனை அவன் பெயரில் இருக்கிறது, பட்டா மாற்ற அந்தச் சான்றிதழ் வேண்டும். எனக்கு ரத்தம் கொதித்தது, வண்டியை எடுத்துக்கொண்டு கரிக்கலாம்பாக்கம் போய் வாசலிலேயே நின்று, எம் பொண்ணு பேர எதுக்கு இழுக்கற என்று கத்தினேன். அமுதம் கத்தவில்லை. இன்னா அண்ணே இப்டிக் கேக்கறீங்க, பொண்டாட்டி பேர உட்டுட்டு எம் பேர மட்டும் எப்டி எழுதுவேன், அவதான அவனுக்கு மொதல்லன்னாள். அப்புறம் சொன்னாள், அவ வரலன்னு எனக்கு வருத்தம்தான், அவ வரமாட்டான்னு நீங்க சொன்ன அப்பறமும் நான் வுடல அண்ணே, ரெண்டு நாள் வெச்சிருந்தேன், லீவு குடுக்கலன்னா சண்ட போட்டுனாச்சும் அந்தப் பொண்ணு வந்துடும்னு நெனச்சேன், மூணாம் நாள் மத்தியானம்தான் எடுத்தோம்னாள். நான் முதல் நாளே தலைவலி என்று வீட்டுக்கு வந்தவன் அதற்கப்புறம் அந்தப் பக்கம் போகவில்லை, உன் அம்மாவையும் போக விடவில்லை, அதனால் அது எனக்குத் தெரியாது. மூன்றாம் நாள் காலையில் நீ மெட்ராசில் இறங்கியிருப்பாய் சுதா. உனக்கு நேரம் இருந்தது.

அந்த வாசலிலேயே உட்கார்ந்து எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அமுதம் என்னைத் திட்டுவாள், செருப்பை எடுப்பாள் என்று நினைத்தேன், எடுத்திருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும். அப்போ அவ கெளம்பினாளா என்று கேட்டாள். ஆமாம் என்றேன். டிக்கெட் போட்டாளா என்றாள். ஆமாம் என்றேன். திரும்பவும், மெய்யாலுமே கெளம்பினாளா என்று மூன்றாம் தடவை கேட்டுவிட்டு முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே போனவள் வெளியே வரவில்லை. நான் ரொம்ப நேரம் இருந்து பார்த்துவிட்டு வந்துவிட்டேன். வீட்டுக்கு வந்து உன் அம்மாவிடமும் சொன்னேன். அன்றிலிருந்து அவள் சோறு போடுகிறாள், என்னோடு பேசவில்லை. எனக்கு ஊரில் இப்போது பேச ஆளில்லை, அதைப் புகாராக எழுதவில்லை, தகவலுக்காக எழுதுகிறேன்.

உன் சர்டிபிகேட்டை இத்தனை நாள் பீரோவில் துணிக்கு அடியில் ஒளித்து வைத்திருந்தேன், இரண்டு தடவை கிழிக்கக்கூடக் கையில் எடுத்தேன். அதை இதோடு வைத்திருக்கிறேன், அது உன்னுடையது. பின்பக்கத்தில் பென்சிலால் அமுதத்தின் நம்பரை எழுதியிருக்கிறேன். மனையில் உன் பங்கை என்ன செய்வது என்பது உங்கள் இரண்டு பேர் பாடு, நான் வாயைத் திறக்கமாட்டேன். வரன் பார்ப்பதை விட்டுவிட்டேன். நீயாக ஒரு நாள் யாரையாவது பார்த்தால் எனக்குச் சந்தோஷம்தான், ஆனால் அந்த ஃபார்மில் உள்ளதை உள்ளபடி எழுது, என்னைப் போல எழுதாதே. கார்த்திகை பன்னிரண்டாம் தேதி அவனுக்கு வருஷ திதி வருகிறது. வா என்று சொல்ல எனக்கு எந்த முகமும் இல்லை, வராதே என்று சொல்லும் வாய் மட்டும் இனிமேல் எனக்குக் கிடையாது. நினைவஞ்சலி பேனருக்கு என்ன எழுதுவது என்று தமிழ்க்குமரன் கேட்டுக்கொண்டிருக்கிறான், உன்னைக் கேட்டுக்கொள்ளச் சொல்லிவிட்டேன். என்னை மன்னிக்கச் சொல்லி எழுத நான்கு நாளாக முயற்சி பண்ணுகிறேன், எப்படி எழுதினாலும் எனக்கே கேவலமாக இருக்கிறது, அதனால் எழுதவில்லை. ஒன்று மட்டும் செய்திருக்கிறேன். நேற்று வி.ஏ.ஓ. விசாரணைக்குக் கூப்பிட்டார். இறந்தவருக்கு இந்தப் பெண் என்ன உறவு என்று எல்லோர் முன்னாலும் கேட்டார். மனைவி என்றேன். எழுதிக்கொண்டார், அதன் கீழே கையெழுத்துப் போட்டேன், இந்தத் தடவை கடிகாரத்தைப் பார்க்கவில்லை.

எங்கே இருந்தாலும் நோய் நொடி இல்லாமல் இரு, உன் மனசுக்கு ஒரு நாள் ஆறுதல் வரட்டும் என்று நம் கெங்கையம்மனை வேண்டிக்கொள்கிறேன். டூட்டி முடிந்து வரும்போது கழுத்தை மூடிக்கொண்டு வா. எனக்குப் போன் பண்ணாவிட்டாலும் பரவாயில்லை, அமுதம் அத்தைக்குப் பண்ணு, நீ கிளம்பினாய் என்று உன் வாயால் ஒரு தடவை சொல்.

இப்படிக்கு,
உன் கல்யாணத்துக்கு முதல் சாட்சி,
உன் அப்பா
தங்கவேல்