பெயரில்லாத கடைக்காரன்

என் ஆசை அப்பாவுக்கு,

கொலோனில் ஒரு ஒலிப்பதிவுக்கூடத்தில் அமெரிக்கப் படங்களுக்கு ஜெர்மனில் குரல் கொடுக்கிறேன். நீங்கள் இருந்திருந்தால் நம்பியிருப்பீர்களா? நீங்கள் பார்த்துப் பார்த்துத் திட்டிய அதே மாதிரிப் படங்கள்தான்.

கதாநாயகன் குடும்பமில்லாத தனியன். அவனுடைய கறுப்புச் சிநேகிதன் பாதியில் சாவான், எங்கள் நிறத்துக் கடைக்காரன் அதற்கும் முன்னால். "தம்பி, கடைக்காரனுக்கு ஒரு பேரும் வைக்கேல்லைப் பார். அந்த நாட்டிலை ஆரை மனிசராய் எண்ணுகினம் எண்டு இதிலையே தெரியுது" என்பீர்கள். "படத்தைப் பாக்க விடுங்கோ" என்று நான் எரிந்து விழுவேன். நியூயோர்க் கோபுரங்கள் விழுந்தபின் எங்களுக்கு இன்னொரு வேஷமும் கிடைத்திருக்கிறது, குண்டு வைக்கிறவன்.

இந்தக் கிழமை அந்தக் கடைக்காரன் என்னிடமே வந்துவிட்டான். இப்பவும் பெயர் இல்லை. கள்ளன் துவக்கை நீட்ட, "கெல்ட்?", அதாவது "காசா?" என்று கேட்டுவிட்டுச் சாகவேண்டும். ஒத்திகையில் என்னை அறியாமல் "கெல்டோ?" என்று வந்துவிட்டது. உங்களுடைய ஓ! உணவகக் குசினியில் வேலை முடிந்ததா என்று கேட்க "பெர்டிக்கோ?" என்பீர்களே, ஜெர்மன் சொல்லில் ஒட்டிய அந்தத் தமிழ் ஓ.

இயக்குநர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "அருமை! முழுவதையும் இப்படியே பேசு. இவன் சாகும்போது சனம் சிரிக்கவேண்டும்" என்றார். எனக்குக் காதெல்லாம் சூடாகிவிட்டது. மாட்டேன் என்றேன். "நாளைக்குப் பேசு. இல்லையென்றால் இனி இங்கே வராதே" என்றார், சிரிக்காமல்.

குரல் வேலை தேடப்போகிறேன் என்று மெக்கானிக் பயிற்சியைப் பாதியில் விட்டபோது எவ்வளவு சண்டை பிடித்தீர்கள்! இதுவும் போனால் நான் என்ன செய்ய, அப்பா?

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் கொட்டினேன். என்னோடு சேர்ந்து கத்துவா என்று நினைத்தேன். அவவோ கோப்பை கழுவுவதை நிறுத்திவிட்டு, "ஒருக்காச் சொல்லிக் காட்டு தம்பி. அப்பான்ரை பேச்சைக் கேட்டு எவ்வளவு காலம்" என்றா. சொன்னேன். விழுந்து விழுந்து சிரித்தா. பிறகு ஈரக் கையாலேயே முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதா.

"அந்த ஓவை அவங்களுக்குக் குடுத்துடாதை" என்றா.

வேலை போய்விடுமோ என்று பயம்தான். ஆனாலும் கொடுக்கமாட்டேன், அப்பா. நாளைக்கு அந்த மனிசன் என் ஜெர்மனில், பயந்துபோன ஒரு தகப்பனாகச் சாவான். பிடிக்காவிட்டால் வேறு ஆளைப் பிடிக்கட்டும். உங்கள் ஓவைக் கேட்டுச் சிரிக்க அம்மா இருக்கிறா.

உங்கள் வாயைக் கொண்டு பிறந்த,
மூத்த மகன்