தெளியாத குழாயில் என் பெயர்

1963 மார்ச் 12, செவ்வாய்

இன்று சீனன்குடாவில் வேலைக்குச் சேர வந்த பதினெட்டுப் பேரின் இரத்தம். மேகநோய் இல்லையென்று எங்கள் ஆய்வுகூடம் எழுதிக் கொடுத்தால்தான் அவர்களுக்கு வேலை. கூடம் என்றால் துறைமுகக் கரையில் இரண்டு அறை, கூட்டில் ஆறு கினிப்பன்றி, பின்வளவில் ஒரு செம்மறி. செம்மறியை எங்கள் சிற்றூழியர் ஆதம்பாவாக் காக்கா பிடிக்க, நான் கழுத்தில் ஊசி ஏற்றி இரத்தம் எடுத்தேன். அதற்கு என்னைக் கண்டால் ஆகாது.

ஒவ்வொரு முறையும் நோயில்லாத ஒருவரின் இரத்தத்தையும் கூட வைக்க வேண்டும், ஒப்பிட்டுப் பார்க்க. நோயில்லாதவருக்கு எங்கே போவது? மூன்று வருஷமாக என் கையில்தான் எடுக்கிறேன்.

பதினெட்டுக் குழாயும் தெளிந்தன. என்னுடையது தெளியவில்லை.

மார்ச் 13

திரும்பச் செய்தேன். அதே.

எங்காவது பிழை விட்டேனா? முதலிலிருந்து சொல்லிப் பார்க்கிறேன். ஆளின் சீரத்தோடு, அதாவது உறைந்த இரத்தத்தின் தெளிநீரோடு, மாட்டிதயச் சாற்றையும் கினிப்பன்றிச் சீரத்தையும் சேர்க்கிறோம். ஆளின் சீரத்தில் பிறபொருளெதிரி, நோயை எதிர்க்க உடம்பு செய்யும் பொருள், இருந்தால் அது சாற்றைப் பிடிக்கும். பிடித்த இடத்துக்குக் கினிப்பன்றிச் சீரத்திலுள்ள, குழியங்களை உடைக்கும் நிரப்பி ஓடிப்போய்ச் செலவழிந்துவிடும். பிறகு, வெடிக்கத் தோதாக முயலின் சீரம் பூசிய செம்மறியின் செங்குழியங்களைப் போட்டால், அவற்றை வெடிக்க வைக்க நிரப்பி மிச்சமில்லை. முழுசாக அடியில் குந்திவிடும். நோய். பிறபொருளெதிரி இல்லாவிட்டால் நிரப்பி மிச்சம், குழியங்கள் வெடிக்கும், குழாய் சிவப்பாய்த் தெளியும். நோயில்லை.

ஐஸ் உருகி நிரப்பி செத்துவிட்டதோ என்றும் பார்த்தேன். மீன்வாடி ஐஸை நம்ப ஏலாது. ஆனால் நிரப்பி செத்திருந்தால் ஒரு குழாயும் தெளிந்திராதே. ஆக, பிழை என் இரத்தத்தில்தான்.

எங்கள் மேலாளர் பற்றிக் சேர் கதவைச் சாத்திவிட்டுச் சொன்னார். "பேசாமல் லீவு போட்டிட்டுப் போங்கோ எல்சி. நான் புத்தகத்தில பேர் போடேல்லை. நம்பர் மட்டும் போடுறன்."

என்னைக் காப்பாற்றுகிறாராம்! எழுதாத பெயரை ஊர் எழுதிக்கொள்ளும். புத்தகத்தை இழுத்து நானே எழுதினேன். எலிசபெத் மரியநாயகம், வயது 27, ஆய்வுகூட உதவியாளர். மை காயும்வரை அவர் முகத்தையே பார்த்தேன்.

மார்ச் 17, ஞாயிறு

பூசை முடிந்ததும் பற்றிக்கின் மனைவி வந்து, நான் கழுத்தில் போட்டிருந்த மாதா சபையின் நீல நாடாவைக் கழற்றித் தரச் சொன்னா. சபைக்கு அவதான் தலைவி. கொஞ்ச நாளைக்குத்தான் என்றா. சுற்றி நின்றவர்கள் நிலத்தைப் பார்த்தார்கள். அப்போ பற்றிக் கதவைச் சாத்திப் பேசினது வீட்டில போய்ச் சொல்லத்தானோ?

அதைத் தாங்கினேன். வீட்டுக்கு வந்து குசினியில் நின்றுகொண்டு அம்மா கேட்டதைத்தான் தாங்க ஏலவில்லை.

"எனக்கு மட்டும் உண்மையைச் சொல்லு பிள்ளை."

உண்மையாம். இருபத்தேழு வருஷம் பக்கத்தில படுத்த அம்மா. சோற்றுக் கோப்பையைத் தள்ளிவிட்டு எழும்பினேன். "ஒண்டுமில்லை எண்டு சொன்னனான், அதுதான் உண்மை" என்றேன். அம்மா கோப்பையைக் கழுவினா. நம்பினமாதிரித் தெரியவில்லை.

மார்ச் 19

லீவு போடவில்லை. போனேன். மேசையில் கை வைக்கக்கூடாது என்றார் பற்றிக். சரி, குழாய் கழுவுகிறேன் என்றேன்.

ஒப்பிட்டுப் பார்க்க இன்று யாருடைய இரத்தம்? ஆதம்பாவாவின் கையில் எடுக்கச் சொன்னார். "ஏன் சேர், உங்கட கையில ஓடுறதும் இரத்தம்தானே?" என்று கேட்டேன். செம்மறிக்குப் புல் போட்டதா என்று பார்க்க வெளியே போய்விட்டார். காக்கா சிரிக்காமல் சட்டைக் கையை மடித்து, "எடு புள்ள" என்றார். தெளிந்தது.

செவ்வாய்தோறும் வரும் டொக்டர் இக்னேசியஸிடம் நேரே போனேன். இந்தக் குழாயில் மேகநோய்க் கிருமியே இல்லையே, நாங்கள் போடுவது மாட்டிதயத்தின் சாறுதானே என்றேன். என் இரத்தத்துக்கு மாட்டு இதயத்தோடு ஏதோ கோபம். அதற்கு ஏன் நான் நாடாவைக் கழற்ற வேண்டும்?

டொக்டர் குழாயைப் பார்க்கவில்லை. என் முகத்தைப் பார்த்தார். கன்னத்துச் சிவப்பு எவ்வளவு நாளாக? வெயில் என்றேன். காலையில் விரல் மடங்குதா? இல்லை, ஆறு மாதமாக. சிறுநீரைச் சூடாக்கிப் பார்க்கச் சொன்னார்.

மார்ச் 20

சூடாக்கினேன். அமிலம் விட்டும் கரையவில்லை. பால்போல் வெள்ளை: சிறுநீரகத்தால் புரதம் ஒழுகுகிறது; வெள்ளை கூடக் கூட நோயும் கூட.

மார்ச் 26

டொக்டர் சொன்ன இன்னொரு பரிசோதனையையும் நானே செய்தேன். என் இரத்தத்தைச் சூட்டில் வைத்து, உறைந்ததைக் கசக்கி, கண்ணாடியில் பூசி, சாயம் போட்டேன். நுணுக்குக்காட்டியில் ஒரு வெண்குழியம், வயிற்றுக்குள் ஊதா உருண்டையோடு இருந்தது. உருண்டை வேறொரு குழியத்தின் கரு. என்னை நான் விழுங்குகிறேன்.

டொக்டர் கதிரையை இழுத்துப்போட்டு உட்கார்ந்து சொன்னார். "பிறபொருளெதிரி ஆளைக் காட்டிக் குடுக்கும். காட்டின இடத்தில நிரப்பி போய் உடைக்கும். கிருமியைக் காட்டினால் நல்லது. உங்கட உடம்பில அது உங்களையே காட்டுது, எல்சி. ஆரின்ர இடமெண்டு நிரப்பி கேக்காது. இப்ப சிறுநீரகத்தில நிக்குது."

மேகநோய் இல்லைத்தானே என்று கேட்டேன். அவருக்கு ஒரு மாதிரியாகிவிட்டது. உடம்பு தன்னையே தாக்கும் இந்த நோய்க்காரருக்குக் குழாய் பொய் சொல்வதுண்டு, உறுதிப்படுத்த இரத்தத்தை லண்டனுக்கு அனுப்புவோம் என்றார். அங்கே உயிருள்ள மேகநோய்க் கிருமியோடு வைத்துப் பார்ப்பார்களாம். அதற்குரிய பிறபொருளெதிரி இருந்தால் நிரப்பியோடு சேர்ந்து கிருமியை அசையாமல் நிறுத்திவிடும்.

பயம்தான். பயமில்லை என்று எழுத நான் என்ன புனிதவதியா? ஆனால் இது என் நோய். அவர்கள் தந்த நோய் இல்லை.

ஏப்ரல் 14

உயிர்த்த ஞாயிறு. நாடா இல்லாமல் கோயிலில் முதல் வாங்கிலேயே இருந்தேன்.

மே 7

டொக்டர் தந்த குளிசையால் முகம் ஊதிப் பூசணிக்காய். பிள்ளைத்தாச்சி என்றும் கதையாம். நல்லது, கதைக்கட்டும்.

ஜூன் 18, செவ்வாய்

லண்டன் கடிதம் வந்தது. கிருமி நிற்கவில்லை. கடைசிவரை நீந்திக்கொண்டே இருந்ததாம்.

பற்றிக் சிவப்பு மையும் அடிமட்டமும் கொண்டுவந்தார், மார்ச் மாத வரியை வெட்டிவிட. வேண்டாம் என்றேன். "அது அப்பிடியே கிடக்கட்டும் சேர். கீழ எழுதுங்கோ." எழுதினார், நான் சொல்லச் சொல்ல: குழாய் தெளியவில்லை, மேகநோய் இல்லை. கையெழுத்தும் வைக்கச் சொன்னேன். பிறகு என் மேசையில் போய் இருந்தேன்.

நீல நாடா ஒரு கடித உறையில் வீட்டுக்கு வந்திருந்தது. அதை அலுமாரியில் வைத்தேன். கட்ட மனமில்லை.

அம்மா லண்டன் கடிதத்தை வாசித்துக் காட்டச் சொல்லவில்லை. நான் நாளும் வீட்டில் சூடாக்கிப் பார்க்கும் சிறுநீரைக் குழாயில் எடுத்து, தானே ஸ்பிரிட் விளக்கைக் கொளுத்தி, நான் செய்வதுபோலவே சரித்துப் பிடித்தா. ஜன்னல் வெளிச்சத்தில் கனநேரம் பார்த்தா.

"நேத்தையை விட வெள்ளை குறைவுதானே?"

"இல்லை அம்மா. கூட."

இந்த முறை அம்மா நம்பினா. குழாயைக் கழுவி, நாளைக்கென்று கவிழ்த்து வைத்தா.