முதல் பறிப்பு

மச்சானுக்கு,

வீடியோ போனில் பேசினால் உங்கள் பின்னால் அந்த யோஷிகோ வந்து நின்று கையசைக்கிறாள். அதனால்தான் எழுதுகிறேன். அவளுக்கு அறுபது வயதென்றால் என்ன, தலை கறுப்பாகத்தானே இருக்கிறது.

ஜப்பானில் அணு உலை வெடித்து ஊரே ஓடிப்போன பிறகு, அந்தத் தெருவுக்குத் திரும்பியவள் அவள் ஒருத்திதான் என்றீர்கள். அந்த மண்ணில் விளைந்ததைத் தின்ன ஜனங்கள் பயப்படுவதால் பூ போடுகிறாள், அதற்குத்தான் கீரமங்கலத்துப் பூக்காரரான நீங்கள் வேலைக்குப் போனீர்கள். எல்லாம் சரி.

முதல் பறிப்பை யாருக்குக் கொடுத்தீர்கள்? நம் கொல்லையில் அது சாமிக்கு, மிச்சம் என் தலைக்கு. "வீட்டுப் பொம்பள கையிலதான குடுக்கணும்னு அந்தம்மாகிட்ட குடுத்தேன், அழுதுட்டாங்க" என்று சிரித்தீர்கள். அன்று நான் சோறு தின்னவில்லை.

அந்தப் பூவை அவள் வெளியூரில் இருக்கும் மகளுக்கு அனுப்பினாளாம். பச்சைப்பிள்ளை இருக்கிற வீடென்று மகள் பெட்டியைப் பிரிக்காமலே திருப்பி அனுப்பிவிட்டாளாம். நேற்று இதைச் சொல்லும்போது உங்கள் குரல் உடைந்தது. என் அப்பா செத்த அன்றுகூட உடையாத குரல்.

எனக்கு வயிறு எரிகிறது, மறைக்கவில்லை. இருந்தாலும் அடுத்த பறிப்பையும் அவள் கையிலேயே கொடுங்கள். அதில் ஒரு பூவை எனக்கு அனுப்பச் சொல்லுங்கள். வாடி வந்தாலும் தலையில் வைத்துப் போட்டோ அனுப்புகிறேன்.

அவளிடம் காட்டுங்கள். அது உங்கள் பெண்டாட்டி என்றும் சொல்லுங்கள்.

உங்கள் வீட்டுக்காரி