கேமராக் கடைப் பலகை

ஆவணி, சனிக்கிழமை இரவு.

இன்று மகளோடு தாம்பரத்தில் கேமராக் கடைக்குப் போனேன். அவள் அறிவியல் டீச்சர். அவளும் தமிழ் டீச்சரும் சேர்ந்து பிள்ளைகளை ஏரிக்குக் கூட்டிப்போய்ப் பாடம் நடத்தப் போகிறார்கள். இவளுக்குப் பறவை தெரிய வேண்டும், அவருக்குப் பிள்ளைகள் பேசுவது கேட்க வேண்டும். பெரிய கேமராவில் தூரத்துப் பறவை தெளிவாக வரும், குரல் சரியாக வராது. சின்னதில் இரண்டும் சுமாராக வரும். வெகுநேரம் யோசித்து, சின்னதே போதும் என்றாள்.

அதற்குள், இந்த வயதில் மகளிடம் எழுதப் படிக்கக் கற்றுவரும் நான், சுவரில் இருந்த பலகையை எழுத்துக்கூட்டிக்கொண்டிருந்தேன். 'தொட்டுப் பார்க்' வரை வந்ததுமே சந்தோஷம் தாங்கவில்லை. மீதியை நானே 'கலாம்' என்று முடித்துக்கொண்டு பெரிய கேமராவை எடுத்தேன். முன்கண்ணாடியில் என் விரல் தடம் பட்டது. துண்டால் அழுத்தித் துடைத்தேன். கீறல் விழுந்துவிட்டது.

"இன்னா பெரியவரே, போர்டைப் படிக்கலையா?" என்றார் கடைக்காரர்.

"படிச்சிட்டுத்தான் தொட்டேன்" என்றேன்.

"தொட்டுப் பார்க்காதீர்கள்" என்று அவர் சத்தமாக வாசித்துக் காட்டினார். கடையே சிரித்தது.

மகள் சிரிக்கவில்லை. "பெரிசையே பில் போடுங்க சார்" என்றாள்.

வீட்டுக்கு வந்ததும் தமிழ் டீச்சருக்குப் போன் செய்தாள். "பெரிசுதான் வாங்கினேன்க்கா. குரல் சரியா வராது. எனக்குப் பறவைதான் முக்கியம்னு பட்டுச்சு, கோச்சுக்காதீங்க." அவர் என்ன சொன்னாரோ, இவள் "சாரிக்கா, சாரிக்கா" என்றே சொல்லிக்கொண்டிருந்தாள். என் பேச்சையே எடுக்கவில்லை.

போனை வைத்துவிட்டு, "சாப்ட்டீங்களாப்பா?" என்று கேட்டாள். அவள் முகத்தைப் பார்க்க முடியாமல், ஆச்சு என்று சொல்லிவிட்டு இந்த நோட்டோடு வந்து உட்கார்ந்தேன்.

பசிக்கிறது.