ஒலேனாவிடமிருந்து ஒரு வரி

கிளேட்டன், மெல்பர்ன்
8.3.1976

அன்புத் தம்பி விக்கி,

நான் சுகம். கீவ் குளிரில் நீ கோட்டு இல்லாமல் கல்லூரிக்குப் போய் வருவதாக அம்மா எழுதியிருந்தார். அதற்கு ஏச்சு தனியாக வரும். இப்போது வேறு விஷயம்.

நான் நர்ஸாக இருக்கிற வார்டில் ஒஸ்தாப் வெர்பா என்று ஒரு கிழவர். வயது அறுபத்தெட்டு. உக்ரேனில் பெரிய நடிகராம். இருபத்துநாலு வயதில் கிழட்டு அரசனாக மேடையேறிப் பெயர் வாங்கினார். பிறகு சினிமா. அவர் படத்துக்கு டிக்கட் கிடைக்காமல் சனம் கொட்டகைக் கதவை உடைத்ததாம். யுத்தத்தில் ஜெர்மன்காரர் பிடித்துப் போனார்கள். ஊருக்குத் திரும்பினால் எதிரியிடம் பிடிபட்ட துரோகி என்று சோவியத்காரரே சுடுவார்கள் என்ற பயத்தில் 1949இல் இங்கே கப்பலேறினார். ஆங்கிலம் சரியாக வராததால் எந்த மேடையும் சேர்க்கவில்லை. கார்த் தொழிற்சாலையில் இருபது வருடம் பெயின்ற் அடித்து நுரையீரல் போய்விட்டது.

மனைவி ஒலேனாவும் நடிகை. முப்பத்துமூன்று வருடமாக ஒரு செய்தியும் இல்லை. “உயிரோட இருக்கிறாளோ எண்டு மட்டும் கேட்டுச் சொல்லு பிள்ளை” என்று என் கையைப் பிடித்துக்கொண்டு அழுகிறார். கீவில் அவர்கள் நடித்த தியேட்டருக்குப் போய் விசாரி. கடிதங்களைப் பிரித்துப் பார்ப்பார்கள் என்று பயப்படாதே. தமிழ் அங்கே யாருக்கு விளங்கப் போகிறது?

அக்கா,
சந்திரவதனா

கீவ்
11.4.1976

அன்புள்ள அக்கா,

கோட்டு வாங்கிவிட்டேன். ஏச்சை நிறுத்து.

ஒலேனா இருக்கிறார், இன்னும் நடிக்கிறார். தியேட்டர் வாசலில் உன் கிழவரின் படமும் தொங்குகிறது. அதன் கீழே, ‘1943இல் போர்முனையில் வீரமரணம்’ என்று எழுதியிருக்கிறது.

ஒலேனாவின் வீட்டுக்குப் போய், கிழவர் உயிரோடிருப்பதைச் சொன்னேன். ஒலேனா குசினிக் குழாயைத் திறந்துவிட்டு, பக்கத்து வீட்டுக்குக் கேட்காதபடி தண்ணீர்ச் சத்தத்தில் நின்று அழுதார். “அவர் செத்த வீரனா இருக்கிறதாலதான் எனக்கு மேடை, மகளுக்கு வேலை. வெளிநாட்டில இருக்கிறார் எண்டால் நாங்கள் துரோகியின்ர குடும்பம். செத்தவராவே இருக்கட்டும்” என்றார். நான் படியிறங்கும்போது கூப்பிட்டு, “இடது காது இன்னும் கேளாதோ?” என்று கேட்டார்.

அக்கா, இனி அந்தப் பெயர்களை எழுதாதே. காலில் விழுந்து கேட்கிறேன்.

தம்பி,
விக்கி

கிளேட்டன்
9.5.1976

அன்புத் தம்பி,

ஒலேனா உயிரோடிருப்பதை ஒஸ்தாப்பிடம் சொன்னேன். மற்றதைச் சொல்ல வாய் வரவில்லை. அன்று தொடக்கம் சரியான சாப்பாடு இல்லை. தபால் வருகிற நேரம் வாசலையே பார்த்துக் கிடக்கிறார். இரண்டு மாதம் தாங்குவது கஷ்டம் என்கிறார் டாக்டர்.

கோபிக்காதே. இன்னொரு முறை ஒலேனா வெர்பாவிடம் போ. யாருடைய பெயரும் போடாமல் ஒரே ஒரு வரி வாங்கி அனுப்பு. நீ ஏன் இப்படிப் பயந்து சாகிறாய்? தமிழில்தானே எழுதுகிறேன்.

அக்கா

மானிப்பாய்
20.6.1976

அக்கா,

மேலே நம் ஊர்ப் பெயரைப் பார்த்திருப்பாய். என்னைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

விசாரணைக்குக் கூப்பிட்டார்கள். மேசையில் உன் கடிதங்களின் பிரதிகள். வரிகளுக்கு இடையே பென்சிலில் ரஷ்ய மொழியில் அர்த்தம். கண்ணாடி போட்ட ஒருவர் எழுந்து, “அமருங்கள், தம்பி” என்று தமிழிலேயே சொன்னார். மொஸ்கோவில் அச்சான தமிழ்ப் புத்தகங்களை வாசித்து வளர்ந்தவர்கள் நாம். அவற்றை மொழிபெயர்த்தவர்கள் அங்கேதான் இருப்பார்கள் என்பது நம் இருவர் மண்டையிலும் ஏறவில்லை. ஆனால் எழுதாதே என்று நான் கெஞ்சினேன்.

இங்கே மெடிசின் படிக்க இடம் கிடைக்காமல்தானே அங்கே போனேன். இன்னும் ஒரு வருடம்தான் இருந்தது. புறப்படும் முன் தியேட்டர்ப் பக்கம் போனேன். கிழவரின் படம் இல்லை. நாடக நோட்டீசில் ஒலேனாவின் பெயரும் இல்லை.

எனக்கு இனி எழுதாதே.

விக்னராஜா

கிளேட்டன்
12.7.1976

என் தம்பி,

உன் கடிதம் வந்த அன்று அது என் கையில் இருந்ததை ஒஸ்தாப் கண்டுவிட்டார். ஒலேனா சொல்லச் சொல்ல நீ எழுதியது என்று பொய் சொன்னேன். நீ எழுதியதைக் கண்ணால் பார்த்துக்கொண்டு, இல்லாததை எல்லாம் வாசித்தேன். “மேடையில ஏறுற ஒவ்வொரு நாளும் நீங்கள் பக்கத்தில நிக்கிறியள்” என்று வாசித்தேன்.

கண்ணை மூடிக் கேட்டார். “நல்லா நடிக்கிறாய் பிள்ளை. ஆனா அழக்கூடாத இடத்தில அழுதிட்டாய். அவளுக்கு என்ன நடந்தது?” என்றார்.

எல்லாவற்றையும் சொன்னேன். சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தார். மூன்று நாள் என் கையால் மருந்துகூட வாங்கவில்லை. நாலாம் நாள் விடிய அப்படியே போய்விட்டார்.

விக்கி, நீயும் முகத்தைத் திருப்பிக்கொள்ளாதே. உன் படிப்பை நான்தான் அழித்தேன். என்னை ஏசு, என்ன வேண்டுமானாலும் சொல்லி ஏசு. ஒரு வரி எழுது.

அக்கா